பொருந்தாத வேடம்: மிங் வோங்கும் சிங்கப்பூரின் நான்கு கட்டங்களும்

ஒரு விடுதி அறை. வெகுதூரத்திலிருந்து மகளைப் பார்க்க வந்திருக்கிறார் தாய். உடம்புக்கு முடியவில்லை, இதுவே கடைசிச் சந்திப்பு என்று அவருக்குத் தெரியும். மகளுக்கோ அம்மா சீக்கிரம் கிளம்பினால் போதும். தாய் கறுப்பினப் பெண். மகள் தன்னை வெள்ளைக்காரியாகக் காட்டிக்கொண்டு நடனக் குழுவில் ஆடிப் பிழைக்கிறாள். திடீரென்று தோழி ஒருத்தி உள்ளே வர, சின்ன வயதில் இவளைப் பார்த்துக்கொண்ட ஆள் நான் என்று சொல்லிவிட்டுத் தாயே ஒதுங்கிக்கொள்கிறார். 1959-இல் டக்ளஸ் சிர்க் ஹாலிவுட்டில் எடுத்த 'இமிடேஷன் ஆஃப் லைஃப்' படத்தில் ஊரையே அழவைத்த காட்சி இது.

சரியாக ஐம்பது ஆண்டுகள் கழித்து, 2009-இல், சிங்கப்பூர்க் கலைஞர் மிங் வோங் இதே காட்சியைத் திரும்ப எடுத்தார். தாயாகவும் மகளாகவும் வருபவர்கள் மூன்று ஆண்கள்: ஒரு சீனர், ஒரு மலாய்க்காரர், ஓர் இந்தியர். விக், கவுன், உதட்டுச் சாயம் எல்லாம் உண்டு. ஆனால் யார் தாய், யார் மகள் என்பது நிலையாக இல்லை. ஷாட் மாறும்போதெல்லாம் ஆளும் மாறிவிடுகிறார். சீனத் தாய் கெஞ்சுகிறாள், மலாய் மகள் முகத்தைத் திருப்பிக்கொள்கிறாள்; அடுத்த ஷாட்டில் அதே மகள் இந்தியராகத் திரும்பிப் பார்க்கிறாள். பக்கத்துத் திரையில் அதே வசனம், வேறு ஜோடி. முதலில் சிரிப்புதான் வரும். கொஞ்ச நேரத்தில் சிரிப்பு அடங்கி ஒரு சங்கடம் தலைதூக்கும். இந்த மூவரில் எவர் எவரை மறுக்கிறார் என்று மனம் கணக்கு வைக்கப் பார்க்கும். அந்தக் கணக்கு நிற்காது.

'லைஃப் ஆஃப் இமிடேஷன்' என்ற இந்த வீடியோ, அந்த ஆண்டு சர்வதேசக் கலைக் கண்காட்சியான வெனிஸ் பியன்னாலேயில் சிங்கப்பூர் அரங்கின் மையப் படைப்பு. தாங் ஃபூ குவென் வடிவமைத்த அந்தக் கண்காட்சிக்கு நடுவர் குழுவின் சிறப்புக் குறிப்பு கிடைத்தது. சிங்கப்பூர் 2001 முதல் வெனிசுக்குப் போய்க்கொண்டிருந்தாலும், அப்படியொரு கௌரவம் அதுவே முதல் முறை. அடுத்த ஆண்டு கண்காட்சி சிங்கப்பூர்க் கலை அரும்பொருளகத்துக்கு வந்தது.

சிங்கப்பூரில் வாழும் தமிழர்கள் இந்தக் கலைஞரைப் பற்றி அதிகம் பேசிக் கேட்டதில்லை. பேசுவதற்குக் காரணம் இருக்கிறது. திரையில் நிற்கும் அந்த மூன்றாவது ஆள் 'இந்தியர்' என்ற நம் கட்டத்திலிருந்து எடுக்கப்பட்டவர். அது மட்டுமில்லை, இவர் மூலப்பொருளாக எடுத்துக்கொண்ட பழைய சினிமாவில் நம்மவர்களின் கைரேகை நிறையவே உண்டு.

இவர் எந்தத் துறைக்காரர்?

ஓவியரா, நடிகரா, திரைப்பட இயக்குநரா என்று கேட்டால் மூன்றுக்கும் ஆமாம் என்றுதான் சொல்ல வேண்டியிருக்கிறது. 1971-இல் சிங்கப்பூரில் பிறந்த மிங் வோங், நன்யாங் நுண்கலைக் கழகத்தில் படித்தது சீன ஓவியம். பிறகு ஆங்கில நாடக உலகத்துக்குப் போனார். 1997-இல் மேடையேறிய, ஒட்டிப் பிறந்த இரட்டையர்களான சாங், எங் பற்றிய இசை நாடகத்துக்குக் கதை வசனம் எழுதியவர் அவர். (ஒரே உடம்பில் இரண்டு பேர் என்று தொடங்கியவர் பின்னாளில் ஒரே ஆளில் பதினாறு பேர் என்று போனார்.) அதற்குப் பிறகு லண்டன் ஸ்லேட் கலைப் பள்ளியில் 1999-இல் முதுகலை, 2007 முதல் பெர்லின் வாசம்.

அவர் செய்வதைச் சுருக்கமாக இப்படிச் சொல்லலாம். உலக சினிமாவில் பெயர் பெற்ற ஒரு படத்தை எடுத்துக்கொள்வார். அதிலிருந்து ஒரு காட்சியையோ பல காட்சிகளையோ ஷாட் ஷாட்டாகத் திரும்ப எடுப்பார். பெரும்பாலும் எல்லா வேடத்தையும் தானே போடுவார்: ஆண், பெண், கிழவி, இளைஞன், வெள்ளைக்காரர், அரபியர். வசனத்தை மூல மொழியிலேயே பேசுவார், அந்த மொழி தெரியாவிட்டாலும். எடுத்ததைத் திரையரங்குக்கு அனுப்ப மாட்டார். கலைக்கூடத்தில் இரண்டு மூன்று திரைகளில், தொடக்கமும் முடிவும் இல்லாமல் சுற்றிச் சுற்றி ஓடவிடுவார். கூடவே பேனர், சுவரொட்டி, உடை, அரங்கப் பொருள் எல்லாம் இருக்கும். எடுக்கும்போது நிகழ்த்துகலை, காட்டும்போது காண்கலை, எடுத்துக்கொண்ட பண்டம் சினிமா.

ரீமேக்குக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? தமிழ்நாட்டில் ரீமேக் படம் ஓட வேண்டுமென்றால் அது ரீமேக் என்பதே மறக்கும்படி இருக்க வேண்டும். கதை மதுரையில் நடக்க வேண்டும், நாயகி நம் வீட்டுப் பெண்போல இருக்க வேண்டும். மிங் வோங் போவது எதிர்த்திசையில். ஒட்டாமல் போகிற இடத்தை மறைக்க மாட்டார், அதன்மேல்தான் வெளிச்சம் போடுவார்.

2007-இல் செய்த 'லேர்ன டாய்ச் மிட் பெட்ரா ஃபான் கான்ட்' இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. பெர்லினுக்குக் குடிபெயரப் போகிறார், ஜெர்மன் கற்க வேண்டும். பாடநூலுக்குப் பதில் ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பைண்டர் 1972-இல் எடுத்த படத்தின் நாயகி பெட்ராவை ஆசிரியையாக எடுத்துக்கொண்டார். பிறந்தநாள் அன்று குடித்துவிட்டு, காதலியின் தொலைபேசி அழைப்புக்காகத் தரையில் கிடந்து, வந்தவர்களையெல்லாம் ஏசித் தீர்க்கும் காட்சி அது. விக்கும் பச்சை உடையுமாக அந்தக் கதறல் முழுவதையும் மிங் வோங் ஜெர்மனில் மனப்பாடம் செய்து நடித்தார். புது நாட்டுக்குப் போகிறவன் முதலில் கற்க வேண்டியது கடைவீதி வழி கேட்பதா, மனம் உடைந்தால் என்ன சொல்லி அழுவது என்பதா? வேடிக்கையான கேள்விதான். மனைவி மக்களை ஊரில் விட்டுவிட்டு இங்கே வந்து வேலை பார்ப்பவர்களைக் கேட்டால் அவ்வளவு வேடிக்கையாக இராது.

அடுத்த ஆண்டு அதே ஃபாஸ்பைண்டரின் 1974-ஆம் ஆண்டுப் படம். வயதான ஜெர்மன் துப்புரவுப் பெண்மணியும் மொரோக்கோவிலிருந்து வந்த தொழிலாளி அலியும் மணந்துகொள்ளும் கதை. கணவன், மனைவி, வம்பு பேசும் அண்டை வீட்டார் என்று எல்லோரும் மிங் வோங்தான். ஃபாஸ்பைண்டர் அந்தப் படத்தையே டக்ளஸ் சிர்க்கின் பழைய படம் ஒன்றைப் பார்த்த பாதிப்பில்தான் எடுத்தார். நாஜிகள் காலத்தில் ஜெர்மனியை விட்டு வெளியேறிய சிர்க் அமெரிக்காவில் எடுத்ததை, ஜெர்மானியர் ஒருவர் திரும்ப ஜெர்மனிக்குக் கொண்டுவந்தார். அதைச் சிங்கப்பூரர் ஒருவர் எடுத்துக்கொண்டார். நகலுக்கு நகல் என்று யாராவது குறை சொன்னால், அசல் எங்கே இருக்கிறது என்று அவர் திருப்பிக் கேட்கலாம்.

ஜாலான் அம்பாஸும் நம்மவர்களும்

எனக்கு இவருடைய படைப்புகளில் மிகவும் சுவாரசியமானது 2005-இல் செய்த 'ஃபோர் மலாய் ஸ்டோரீஸ்'. மலாய் சினிமாவின் பெரும் நட்சத்திரமும் இயக்குநருமான பி. ரம்லியின் நான்கு படங்களிலிருந்து காட்சிகளை எடுத்துக்கொண்டு பதினாறு பாத்திரங்களையும் தானே நடித்தார். 'செமேரா பாடி', 'லாபு டான் லாபி', 'இபு மெர்துவாக்கு', 'டாக்டர் ருஷ்டி'. மலாய் அவருக்குச் சரளமில்லை. அதனால் ஒவ்வொரு வசனத்தையும் மொழி வகுப்பு மாணவன்போலத் திரும்பத் திரும்பச் சொல்கிறார். கறுப்பு வெள்ளையில், மீசை ஒட்டிக்கொண்டு, கொண்டை வைத்துக்கொண்டு.

ரம்லியின் அந்தப் படங்களைப் பார்த்த தமிழருக்கு அவை அந்நியமாகவே தோன்றாது. 'இபு மெர்துவாக்கு' 1962-இல் வந்தது. பணக்கார மாமியார், பாட்டுக்காரன் என்பதால் மருமகனை ஏற்க மறுக்கிறாள். சூழ்ச்சி செய்து தம்பதியைப் பிரிக்கிறாள். பார்வையிழந்து, சிகிச்சையில் மீண்டும் பார்வை பெற்ற நாயகன், உண்மை தெரிந்ததும் முள்கரண்டியால் தன் கண்களைத் தானே குத்திக்கொள்கிறான். பாட்டு, கண்ணீர், மாமியார், சபதம். மொழியை மட்டும் மாற்றினால் அறுபதுகளின் கோடம்பாக்கப் படம்.

இந்த ஒற்றுமை தற்செயல் கிடையாது. சிங்கப்பூரில் எடுக்கப்பட்ட முதல் மலாய்ப் படமாகச் சொல்லப்படும் 'லைலா மஜ்னுன்' 1934-இல் வந்தது. இயக்கியவர் இந்தியாவிலிருந்து வந்த பி.எஸ். ராஜ்ஹன்ஸ். போருக்குப் பிறகு, பாலஸ்டியர் சாலையை ஒட்டிய ஜாலான் அம்பாஸில் ஷா சகோதரர்களின் மலாய் ஃபிலிம் புரொடக்‌ஷன்ஸ் 1947-இல் தொடங்கி 1967 வரை இயங்கியது. அங்கே முதலாளிகள் சீனர்கள். திரையில் தெரிந்தவர்கள் மலாய்க்காரர்கள். ஐம்பதுகளின் நடுப்பகுதிவரை இயக்குநர் நாற்காலியில் உட்கார்ந்தவர்களில் பெரும்பாலோர் இந்தியாவிலிருந்து வரவழைக்கப்பட்டவர்கள்: எஸ். ராமநாதன், கே.எம். பாஸ்கர், பானி மஜும்தார், பி.என். ராவ் என்று பட்டியல் நீளும். சென்னையில் பிறந்து பினாங்கில் வளர்ந்த எல். கிருஷ்ணன்தான் 1950-இல் 'பக்தி' படத்தில் ரம்லிக்கு முதல் முறையாகக் கதாநாயகன் வாய்ப்புக் கொடுத்தவர். ரம்லி 1955-இல் தானே இயக்கத் தொடங்கும்வரை தொழில் கற்றது இவர்களிடம்தான்.

இன்னும் பின்னால் போகலாம். மலாய் நடிகர்கள் வந்தது பங்சாவான் என்ற மலாய் நாடக மேடையிலிருந்து. பங்சாவான் பிறந்தது 1870-களில் பினாங்குக்கு வந்து போன பார்சி நாடகக் குழுக்களைப் பார்த்து. அதே பார்சி நாடகத்தின் திரைச்சீலையும் ஆர்மோனியமும்தான் தமிழ் நாடகக் கம்பெனிகளையும் வளர்த்தன. மலாய் சினிமாவும் தமிழ் சினிமாவும் ஒருவகையில் பெரியப்பா சித்தப்பா பிள்ளைகள்.

ஆக, மிங் வோங் போலி செய்த 'அசல் மலாய்' படங்களே பல கை மாறி வந்தவை. சீனர் பணத்தில், இந்தியர் வகுத்த பாணியில், மலாய்க்காரர் நடித்த படங்களை, மலாய் பேசத் தடுமாறும் ஒரு சீனர் பெர்லினுக்கும் லண்டனுக்கும் கொண்டுபோய்க் காட்டுகிறார். எது தூய்மை, எது கலப்படம் என்று பிரிக்க உட்கார்ந்தால் பொழுது விடிந்துவிடும்.

அந்தத் தடுமாற்றத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. மலாய் சிங்கப்பூரின் தேசிய மொழி. தேசிய கீதமான 'மஜுலா சிங்கப்பூரா' மலாயில் இருக்கிறது. அதை 1958-இல் இயற்றிய சுபிர் சைட், ஷாவின் போட்டி நிறுவனமான கேத்தே கெரிசில் திரைப்படங்களுக்கு இசையமைத்தவர். பள்ளிகளில் காலையில் பிள்ளைகள் வரிசையில் நின்று அதைப் பாடுகிறார்கள். கட்டாயத் தேசிய சேவைக்குப் போகிற பையன்கள் 'செடியா', 'செனாங் டிரி' என்ற மலாய்க் கட்டளைகளுக்கு விறைத்தும் தளர்ந்தும் நிற்கிறார்கள். இவர்களில் எத்தனை பேர் மலாயில் ஒரு கடிதம் எழுதுவார்கள்? பொருள் முழுதும் தெரியாமல் மனப்பாடமாக மலாய் பேசுவது இந்த ஊரில் ஒவ்வொரு குடிமகனும் செய்கிற காரியம். மிங் வோங் அதையே நாலு திரையில் வைத்துக் காட்டுகிறார். அவர் உச்சரிப்பைக் கேட்டுச் சிரிக்கும் சீனரும் தமிழரும் சிரிப்பது தங்களைப் பார்த்துத்தான்.

மூன்று முகம், ஒரு தாய்

இப்போது அந்த விடுதி அறைக்கு வருவோம். சிர்க்கின் படத்தில் தாயாக நடித்த ஹுவானிட்டா மூர் கறுப்பினத்தவர். மகளாக நடித்த சூசன் கோனரோ கறுப்பினத்தவரே இல்லை. தாய் மெக்சிகோ நடிகை, தந்தை ஐரோப்பாவிலிருந்து வந்த யூதர். வெள்ளைக்காரியாக வேடமிடும் கறுப்பினப் பெண்ணாக வேடமிட்டவர் கறுப்பினப் பெண்ணே கிடையாது. 1934-இல் இதே கதை முதல் முறை படமானபோது அந்தப் பாத்திரத்தில் நடித்தவர் ஆப்பிரிக்க அமெரிக்கரான ஃப்ரெடி வாஷிங்டன். அதாவது ஹாலிவுட்டே இந்தக் கதையில் ஏற்கெனவே ஒரு வேடம் போட்டிருக்கிறது. மிங் வோங் அதன் மேல் இன்னும் சில அடுக்குகளை ஏற்றினார், அவ்வளவுதான்.

ஏன் சீனர், மலாய்க்காரர், இந்தியர்? சிங்கப்பூரில் இருப்பவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. வெளியூர் வாசகர்களுக்காகச் சொல்கிறேன். இங்கே ஒவ்வொருவரின் அடையாள அட்டையிலும் இனம் என்று ஒரு வரி இருக்கிறது. சீனர், மலாய்க்காரர், இந்தியர், மற்றவர் என்ற நான்கு கட்டங்களில் அரசாங்கம் மக்களைக் கணக்கிடுகிறது. 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் குடியிருப்பாளர்களில் சீனர் 74.3 விழுக்காடு, மலாய்க்காரர் 13.5, இந்தியர் 9.0, மற்றவர் 3.2. பள்ளியில் எந்தத் தாய்மொழி படிப்பது என்பதில் இந்தக் கட்டத்துக்குப் பங்குண்டு. வீவக (அரசாங்க வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டை யாருக்கு விற்கலாம் என்பதிலும் உண்டு. 1989-இல் வந்த இன ஒருங்கிணைப்புக் கொள்கைப்படி ஒவ்வொரு புளோக்குக்கும் இன ஒதுக்கீடு இருக்கிறது. பெற்றோர் வேறு வேறு இனமென்றால் 2011 முதல் இரண்டையும் சேர்த்துப் பதியலாம்.

இந்த ஏற்பாட்டால் நன்மையே இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். பக்கத்து வீட்டில் சீனரும் எதிர் வீட்டில் மலாய்க்காரரும் இருப்பது தானாக நடந்ததில்லை. ஆனால் கட்டம் கட்டியவுடன் ஒவ்வொரு கட்டத்துக்கும் ஒரு முகம், ஒரு உடை, ஒரு பண்டிகை, ஒரு சாப்பாடு என்று ஒட்டிக்கொண்டுவிடுகிறது. தேசிய தினச் சுவரொட்டியில் நான்கு பிள்ளைகள் கைகோத்து நிற்பார்கள்; அதில் இந்தியப் பிள்ளை யார் என்று ஒரு நொடியில் சொல்லிவிடலாம். 'லைஃப் ஆஃப் இமிடேஷன்' அந்த ஒரு நொடியைப் பிடுங்கிக்கொள்கிறது. தாய் யார் என்று நீங்கள் முடிவுசெய்வதற்குள் தாய் மாறிவிடுகிறாள். சீன முகம் இந்திய முகத்தைப் பெற்றவளாகிறது, மலாய் முகம் சீன முகத்தைத் தெரியாதென்கிறது.

இந்த மூன்று முக ஏற்பாட்டுக்குச் சிங்கப்பூர்க் கலையிலேயே ஒரு முன்கதை உண்டு. 1988-இல் ஜெர்மன் பண்பாட்டு மையமான கோத்தே நிலையத்தில் 'திரிமூர்த்தி' என்ற கண்காட்சி நடந்தது. நடத்தியவர்கள் மூன்று இளைஞர்கள்: எஸ். சந்திரசேகரன், கோ ஈ சூ, சாலே ஜப்பார். ஓவியம், நிறுவல், நிகழ்த்துகலை எல்லாம் கலந்த அதில், மூவரும் அவரவர் மரபிலிருந்து கிளம்பி ஓரிடத்தில் சந்திக்க முயன்றார்கள். பெயர் நம்முடையது, கருத்தும் படைத்தல், காத்தல், அழித்தல் என்ற நம் பழைய முக்கோணம். அந்த மூவரும் தங்கள் வேர்களை நம்பிப் பேசினார்கள். இருபத்தொரு ஆண்டுகள் கழித்து வந்த மிங் வோங்கின் மூவரோ வேரைக் கழற்றி ஒருவருக்கொருவர் மாட்டிவிடுகிறார்கள். இரண்டையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் இந்த ஊரில் இனத்தைப் பற்றிப் பேசும் தொனி எவ்வளவு மாறியிருக்கிறது என்பது புரியும்.

சரி, கேட்க வேண்டிய கேள்வி

2019 ஜூலையில் மின்னிலக்கக் கட்டண முறைக்கான விளம்பரம் ஒன்று இங்கே பெரிய சர்ச்சையானது. சீன நடிகர் ஒருவர் நான்கு பாத்திரங்களாக அதில் தோன்றினார். முக்காடு அணிந்த மலாய்ப் பெண் ஒன்று, தோலைக் கறுப்பாக்கிக்கொண்ட இந்திய ஆண் இன்னொன்று. இந்திய அண்ணன் தங்கை இருவர் கோபமாக ஒரு ராப் காணொளி வெளியிட்டார்கள். அதில் இருந்த கெட்ட வார்த்தைகளுக்காகவும் சீனரைச் சாடியதற்காகவும் அவர்களுக்குக் காவல்துறையின் நிபந்தனை எச்சரிக்கை கிடைத்தது. விளம்பரம் செய்தவர்கள் மன்னிப்புக் கேட்டார்கள். தமிழ் வீடுகளில் அப்போது இதைப் பற்றிப் பேசாத சாப்பாட்டு மேசை இருந்திருக்காது.

அந்த விளம்பர நடிகர் செய்தது தவறென்றால், பதினாறு மலாய்ப் பாத்திரங்களைப் போட்ட மிங் வோங் செய்தது மட்டும் எப்படிக் கலையாகும்? கலைக்கூடத்தில் வைத்துவிட்டால் பாவம் கழுவப்பட்டுவிடுமா?

என் கணிப்பைச் சொல்கிறேன். விளம்பரத்தில் அந்த வேடம் வெற்றிபெற வேண்டும் என்று நினைத்துப் போட்டது. இந்தியர் என்றால் இந்த நிறம், இந்தத் தோற்றம் என்று பார்வையாளர் உடனே ஒப்புக்கொள்ள வேண்டும். இந்திய நடிகர் ஒருவருக்குக் கிடைத்திருக்க வேண்டிய வேலையும் அதில் போயிற்று. மிங் வோங்கின் வேடம் தோற்பதற்காகவே போட்டது. அவர் மலாய்க்காரராகத் தெரியவே மாட்டார். தெரியாமல் முயன்றுகொண்டே இருக்கும் ஒரு சீனராகத்தான் தெரிவார். கேலிக்கு ஆளாவது நடிப்பவர், நடிக்கப்படுபவர் இல்லை.

ஆனால் முழுக்க அவரை விட்டுவிடவும் மனமில்லை. நூற்றுக்கு எழுபத்துநாலு பேர் இருக்கும் இனத்தவர், பதின்மூன்று பேர் இருக்கும் இனத்தவரின் வேடத்தைப் போடும்போது சிரிப்பு எந்தப் பக்கம் சாயும் என்பதை நடிப்பவர் மட்டும் தீர்மானிக்க முடியாது. அறையில் யார் உட்கார்ந்து பார்க்கிறார்கள் என்பதும் சேர்ந்து தீர்மானிக்கிறது. இந்த வகையில் 'ஃபோர் மலாய் ஸ்டோரீஸ்' கொஞ்சம் கத்திமேல் நடக்கிற வேலை. 'லைஃப் ஆஃப் இமிடேஷன்' அதைவிட உறுதியாக நிற்பதற்குக் காரணம், அதில் மிங் வோங் தான் விலகிக்கொண்டு மூன்று இனத்தவருக்கும் இடம் விட்டதுதான். இந்திய நடிகர் அதில் இந்தியராக நடிக்கவில்லை. சிங்கப்பூர்த் திரையில் அவருக்கு அது அடிக்கடி கிடைக்கும் வாய்ப்பா என்று யோசித்துப் பாருங்கள். அதே ஆண்டு செய்த 'இன் லவ் ஃபார் த மூட்' இதையே கவிழ்த்துப் போடுகிறது. வோங் கார் வாயின் ஹாங்காங் படத்திலிருந்து ஒரு காட்சி. ஆண், பெண் இரண்டு பாத்திரத்தையும் நடிப்பவர் ஒரு வெள்ளைக்காரப் பெண்மணி. கான்டனீஸ் தெரியாத அவர் ஒவ்வொரு சொல்லாகக் கற்றுச் சொல்லித் திணறுவது மூன்று திரைகளில் ஓடுகிறது.

வேடத்தைப் பற்றித் தமிழர்களுக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை. பாய்ஸ் கம்பெனிகளில் ஸ்திரீபார்ட் போட்ட பையன்கள்தான் நம் நட்சத்திரங்களானார்கள். சிவாஜி கணேசன் சிறுவனாகச் சீதை வேடம் கட்டியவர். 1964-இல் 'நவராத்திரி'யில் ஒன்பது வேடம் போட்டார், ஊர் கொண்டாடியது. ஆனால் அந்தக் கொண்டாட்டத்தின் பொருள் வேறு. ஒன்பதும் சிவாஜிதான் என்று தெரிந்தும் ஒன்பது பேராக நம்பவைப்பது அந்த வித்தை, கைதட்டல் திறமைக்கு. மிங் வோங் அந்தக் கைதட்டலைக் கேட்பதில்லை. சிவாஜி ரசிகர்களுக்கு இவரைப் பார்த்தால் முதலில் எரிச்சல்தான் வரும், அது நியாயமும்கூட.

தடை இருந்த பத்தாண்டுகள்

சிங்கப்பூரில் நிகழ்த்துகலை என்றாலே ஒரு பழைய வடு உண்டு. 1993 டிசம்பர் 31 இரவு தொடங்கி விடிய விடிய, பார்க்வே பரேட் கடைத்தொகுதியில் ஒரு கலை நிகழ்ச்சி நடந்தது. ஓரினச் சேர்க்கையாளர் பன்னிரண்டு பேர் கைதானதைக் கண்டித்து ஜோசஃப் இங் என்ற இளம் கலைஞர் அங்கே செய்த நிகழ்த்தலில், பார்வையாளர்களுக்கு முதுகைக் காட்டி நின்று தன் அந்தரங்க முடியை வெட்டினார். செய்தித்தாளில் படம் வந்தது. அவருக்கு அபராதம், பொதுமேடையில் நிகழ்த்தத் தடை. 1994-இலிருந்து 2003 வரை, எழுத்துப் பிரதி இல்லாத நிகழ்த்துகலைக்குத் தேசியக் கலைகள் மன்றம் நிதி தரவில்லை.

இந்தத் தடைக்கும் மிங் வோங் சினிமாவை எடுத்துக்கொண்டதற்கும் நேரடித் தொடர்பு உண்டென்று சொல்ல ஆதாரமில்லை. ஆனால் அந்தத் தலைமுறையில் நிகழ்த்துகலையும் திரையும் ஒட்டிக்கொண்டே வளர்ந்தன என்பது கண்கூடு. லூ ஸிஹான் திரைப்படமும் எடுத்தவர், நிகழ்த்தவும் செய்பவர். 2012-இல் சப்ஸ்டேஷன் கலை மையத்தில் ஜோசஃப் இங்கின் அதே நிகழ்த்தலை மறுபடி செய்து காட்டினார். ஹோ ட்ஸூ நியென் 2003-இல் வீடியோவும் ஓவியங்களுமாக, சிங்கப்பூருக்குப் பெயர் வைத்ததாகச் சொல்லப்படும் இளவரசர் சங் நீல உத்தமனின் கதையைக் கிளறினார். பழையதைத் திரும்ப நடித்துப் பார்ப்பது இவர்களுக்கெல்லாம் பொதுவான பழக்கமாக இருக்கிறது. கட்டடங்களை இவ்வளவு வேகமாக இடித்துக் கட்டும் ஊரில் ஞாபகம் தங்குவதற்கு உடம்பைத் தவிர வேறு இடம் குறைவு என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

வெனிஸ் கண்காட்சியிலும் இந்த ஞாபகச் சேகரிப்பு இருந்தது. சிங்கப்பூரின் கடைசி சினிமா பேனர் ஓவியரான நியோ சோன் டெக்கைத் தேடிப் பிடித்து, தன் வீடியோக்களுக்குப் பெரிய பேனர்களைக் கையால் வரையச் சொன்னார் மிங் வோங். சென்னை மவுண்ட் ரோட்டில் கட்டவுட்டுகளை அண்ணாந்து பார்த்து வளர்ந்தவர்களுக்கு அந்தப் பேனர்கள் உடனே பிடித்துப்போகும். பழைய திரையரங்குகளின் நுழைவுச்சீட்டு, விளம்பரத் தாள் போன்றவற்றைத் திரட்டி வைத்திருந்த தனிச் சேகரிப்பாளர் ஒருவரின் பொருள்களும் அங்கே இருந்தன.

அண்மை ஆண்டுகளில் அவர் நடிப்பைக் குறைத்துக்கொண்டு ஆராய்ச்சிப் பக்கம் சாய்ந்திருக்கிறார். கான்டனீஸ் ஓப்பராவையும் சீன அறிவியல் புனைவையும் முடிச்சுப் போட்டு 2014 வாக்கில் சில படைப்புகள் செய்தார். ஓப்பரா உடையில் விண்வெளிக்குப் போவது கேட்கச் சிரிப்பாக இருந்தாலும் பார்க்க அழகு. 2022-இல் வந்த 'ராப்ஸடி இன் யெல்லோ' இரண்டு பியானோக்களை எதிரெதிரே வைத்து, 1971-இல் மேசைப்பந்து ஆட்டத்தில் தொடங்கிய சீன அமெரிக்க உறவை இசையும் உரையுமாகச் சொல்கிறது. இதில் எனக்குப் பழைய மிங் வோங்கின் குறும்பு கொஞ்சம் குறைந்ததாகவே படுகிறது.

இவருடைய வேலையைப் பார்க்க வாய்ப்புக் கிடைத்தால் ஒரு யோசனை. கலைக்கூடத்தில் ஓடும் வீடியோவுக்கு ஆரம்பம் கிடையாது, நடுவில் நுழைந்ததற்காக வருத்தப்பட வேண்டாம். முதல் சுற்றில் முகங்களைப் பாருங்கள். இரண்டாவது சுற்றில் கண்ணை மூடிக்கொண்டு குரல்களை மட்டும் கேளுங்கள். 'லைஃப் ஆஃப் இமிடேஷன்' ஒரு சுற்று முடியப் பதின்மூன்று நிமிடம்தான் ஆகும். முடிந்தால் அதற்கு முன் சிர்க்கின் மூலப் படத்தையும், ரம்லியின் ஏதாவதொரு படத்தையும் பார்த்துவிடுங்கள். ரம்லி படம் பார்க்கும்போது தொடக்க எழுத்துகளை ஓடவிட்டுவிடாமல் நிறுத்திப் படியுங்கள். தொழில்நுட்பக் கலைஞர்கள் வரிசையில் நமக்குத் தெரிந்த சாயலில் பெயர்கள் வரும்.